இரண்டு அவுன்ஸ் பால்

என் மூத்த மகள் வெள்ளையாகப் பிறக்கவில்லை. பிறந்த பிறகு வெள்ளையானாள். மருத்துவிச்சி தூக்கிக் காட்டியபோது அவள் என்னைப் போலவே கறுப்பு, தலை நிறையக் கறுத்த மயிர். மூன்றாம் நான்காம் மாதத்திலிருந்து தோல் வெளுக்கத் தொடங்கியது. முடி பழுப்பாகி, வெயிலில் பார்த்தால் தேங்காய்த் தும்பின் நிறத்துக்கு வந்துவிட்டது. எங்கள் மருதமுனைப் பொம்பிளைகளுக்குச் சந்தோசம் தாங்கவில்லை. கண்ணூறு படாமல் கன்னத்தில் பெரிய மைப்பொட்டு வைக்கச் சொல்லிவிட்டு, தாங்களே கண் வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வெள்ளக்காரிர புள்ளய எங்கயிருந்து மாஸ்டர் கொண்டந்தீங்க?" என்று மீன் வாங்கப் போன இடத்தில்கூடக் கேட்டார்கள். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன். நான் இரசாயனம் படிப்பிக்கிற மனிதன். ஒரு பொருள் காரணமில்லாமல் நிறம் மாறாது என்று வருசா வருசம் கரும்பலகையில் எழுதிப் போடுகிறவன். என் வீட்டுக்குள் ஒரு பிள்ளை நிறம் மாறிக்கொண்டிருந்தது. எனக்குப் பெருமையாக இருந்தது.

இது ஐம்பதுகளில். கல்முனையில் ஒரு பள்ளிக்கூடத்தில் எனக்கு வேலை. என் வாப்பாவின் தங்கை மகளைத்தான் முடித்திருந்தேன். எங்கள் பக்கத்து வழக்கப்படி பெண் வீட்டில்தான் குடியிருப்பு. மாமியும் மாமாவும் ஏற்கனவே கண்ணை மூடி மௌத்தாகிவிட்டதால் அந்த வீட்டில் நாங்கள் இரண்டு பேரும், பிள்ளையும், பக்க அறையில் ஒரு தறியும். தறி என் மனைவியுடையது. சின்ன வயதிலிருந்து நெய்தவள். பள்ளிக்கூடம் ஐந்தாம் வகுப்போடு நின்றுபோனாலும் நிறம் பார்ப்பதில் அவளை மிஞ்ச ஆளில்லை. இரண்டு நூல் கண்டை எடுத்துக் காட்டி, இரண்டும் ஒரே நீலம்தானே என்று நான் சொன்னால், "உங்களுக்குக் கண்ணா, புண்ணா?" என்று கேட்பாள்.

பிள்ளைக்கு எட்டு மாதமாகியும் உட்காரவில்லை. கூப்பிட்டால் திரும்பவில்லை. வீட்டில் ஒரு வாடை வரத் தொடங்கியது, எலி வாடை. தறி அறையில் எலி செத்துக் கிடக்கிறது என்று மூன்று நாள் பலகைகளைப் புரட்டித் தேடினேன். சந்தையில் பொறி வாங்கி வந்து வைத்தேன். கருவாட்டுத் துண்டு குத்தி வைத்த பொறியில் ஒரு எலியும் விழவில்லை. அந்த வாடை என் பிள்ளையின் மூத்திரத்திலும் வேர்வையிலும் இருந்து வந்தது என்று எனக்கு விளங்கவில்லை. மூக்கும் இருந்தது, படிப்பும் இருந்தது, இரண்டாலும் ஒரு பிரயோசனமும் இல்லை.

ஒரு வயதில் வலிப்பு வந்தது. அதன் பிறகு ஏறாத படி இல்லை. நாட்டு மருந்துப் பரிசாரியார் எண்ணெய் கொடுத்தார். பள்ளிவாசல் லெப்பை ஓதித் தண்ணீர் தந்தார். ஆசுபத்திரியில் வலிப்புக்கு மருந்து கலக்கித் தந்தார்கள். எல்லாரும் கடைசியில் ஒரே வார்த்தையைத்தான் சொன்னார்கள்: பிள்ளைக்குச் சத்துக் காணாது. சத்து என்றால் எங்கள் ஊரில் என்ன என்று உங்களுக்குத் தெரியும். பால் ஊறுவதற்கென்று என் மனைவி வாரத்தில் மூன்று நாள் பால்சுறா தின்றாள். பிள்ளைக்கு முட்டை, ஈரல் சூப்பு, முள் எடுத்த கீரி மீன், எருமைத் தயிர். பக்கத்து வீடுகளில் நல்ல மீன் தலை கிடைத்தால்கூட "புள்ளைக்கு" என்று மூடிக் கொடுத்தனுப்பினார்கள். வீரமுனையிலிருந்து சைக்கிளில் பால் கொண்டுவருகிறவர், பிள்ளையின் பங்குக்கு ஒரு கை கூடுதலாக ஊற்றிவிட்டுப் போவார். ஊரே சேர்ந்து ஊட்டியது. எல்லாம் அன்புதான், ஒரு கவளத்தில்கூடக் கெட்ட எண்ணம் இல்லை.

மூன்றரை வயதில் அவளால் பிடித்துக்கொண்டு நிற்க முடிந்தது, அவ்வளவுதான். மற்ற நேரமெல்லாம் சுவரோடு உட்கார்ந்து முன்னும் பின்னும் ஆடிக்கொண்டிருப்பாள். யாருடைய முகத்தையும் பார்க்க மாட்டாள். நான் பள்ளியிலிருந்து வந்து சைக்கிளை நிறுத்தும் போதெல்லாம், இன்றைக்காவது "வாப்பா" என்று ஒரு சத்தம் வருமா என்று வாசலில் ஒரு கணம் நிற்பேன். வராது. ஒரு பிள்ளையிடமிருந்து ஒரே ஒரு சொல்லுக்காக ஏங்கி நிற்கிற வெட்கம் எவ்வளவு பெரியது என்பது அனுபவித்தவனுக்குத்தான் தெரியும்.

பெரிய விடுமுறையில் மூன்று பேரும் மட்டக்களப்புக்குப் போய் ரயில் கோச்சி ஏறிக் கொழும்புக்குப் போனோம். சீமையில் படித்துவிட்டுப் புதிதாக வந்திருந்த ஒரு பிள்ளை வைத்தியரைப் பார்க்கச் சொல்லி எங்கள் தலைமையாசிரியர் எழுதித் தந்திருந்தார். அந்த மனிதர் பிள்ளையைத் தூக்கி, தலையை முகர்ந்து பார்த்தார். எலிப்பொறி வாங்காமல் தலையை முகர்ந்து பார்த்த முதல் ஆள் அவர்தான். என்னையும் மனைவியையும் மாறி மாறிப் பார்த்து, நீங்கள் சொந்தமா என்று கேட்டார். பிறகு பிள்ளையின் நனைந்த துணியைக் கேட்டு வாங்கி, மேசையில் விரித்து, ஒரு சின்னப் போத்தலிலிருந்து மஞ்சள் கலந்த கபில நிறத் துளி ஒன்றை அதன்மேல் விட்டார். துளி விழுந்த இடம் பச்சையானது. கரும் பச்சை.

போத்தலின் மேல் ஒட்டியிருந்த பெயரைப் படித்தேன். பெரிக்குக் குளோரைட்டு. என் ஆய்வுகூட அலுமாரியில் இரண்டாம் தட்டில், இடப்பக்கத்திலிருந்து மூன்றாவது போத்தல். ஒவ்வொரு வருசமும் பீனோலில் அதை விட்டு ஊதா நிறம் வரவைத்து மாணவர்களை ஆவென்று வாய் பிளக்க வைக்கிறவன் நான். மூன்றரை வருசமாக அந்தப் போத்தலும் என் பிள்ளையின் ஈரத்துணியும் மூன்று மைல் தூரத்தில் இருந்திருக்கின்றன.

வைத்தியர் எனக்குப் படிப்பு இருக்கிறதென்று தெரிந்துகொண்டு ஒரு தாளில் படம் போட்டே விளக்கினார். மீன், இறைச்சி, பால், முட்டை, பருப்பு என்று எல்லாவற்றிலும் இருக்கிற புரதம், உடம்புக்குள் போய் அமினோ அமிலங்களாக உடைகிறது. இருபதளவில் இருக்கிற அவற்றில் மூன்று மட்டும் கரியணுக்கள் ஆறு சேர்ந்த வளையம் ஒன்றைச் சுமந்து திரிகின்றன: பீனைலலனின், தைரோசின், திரிப்டோபான். நான் பென்சீனுக்குக் கரும்பலகையில் போடுகிற அதே அறுகோணம்தான். பீனைலலனினுடைய வளையத்தில் ஈரல் ஒரு ஒட்சிசனையும் ஐதரசனையும் சேர்த்துக் கொளுவினால் அது தைரோசின் ஆகிறது. தைரோசினிலிருந்துதான் தோலுக்கும் முடிக்கும் கறுப்பு நிறம் உண்டாகிறது. பயத்தில் நெஞ்சு அடிக்க வைக்கிற சாறும் அதிலிருந்துதான். அந்தச் சின்னக் கொளுவலைச் செய்கிற நொதியம் என் மகளின் ஈரலில் இல்லை. எனக்குள் பாதிக் குறை, மனைவிக்குள் பாதிக் குறை. இரண்டும் அவளில் சேர்ந்துவிட்டன. பீனைலலனின் மாறாமல் இரத்தத்தில் தேங்கி, மூளையை வளரவிடாமல் கெடுத்து, மிச்சம் மூத்திரத்தில் வழிந்து எலி மாதிரி நாறுகிறது.

ஆக, அவள் வெளுத்தது அழகு அல்ல. நாங்கள் மைப்பொட்டு வைத்துக் காப்பாற்றியது நோயை.

போன மூளை திரும்ப வராது என்று அவர் மறைக்காமல் சொன்னார். ஆனால் பீனைலலனினைக் குறைத்தால் வலிப்புக் குறையலாம், பிள்ளை அமைதியாகலாம், ஆட்களை அடையாளம் கண்டுகொள்ளலாம். அதை நீக்கிய சத்து மா ஒன்று சீமையில் செய்கிறார்களாம். இலங்கைக்கு இன்னும் வரவில்லை. அதுவரைக்கும் இதைக் கொடுங்கள் என்று நீல மையில் ஒரு சாப்பாட்டுத் தாள் எழுதித் தந்தார். அளந்த சோறு கொஞ்சம், சவ்வரிசி, மரவள்ளி, வாழைப்பழம், பூசணி, சீனி, தேங்காயெண்ணெய். கடைசி வரியில், பால், காலையில் இரண்டு அவுன்ஸ், மாலையில் இரண்டு அவுன்ஸ்.

அந்தப் பாலைத் தவறவிடாதீர்கள் என்றும் சொன்னார். பீனைலலனினை உடம்பு தானாகச் செய்துகொள்ள முடியாது, வெளியிலிருந்து கொஞ்சமாவது வந்தே ஆகவேண்டும் என்றார். அதை நான் கேட்டேன், விளங்கிக்கொண்டேன், தலையும் ஆட்டினேன்.

ஊருக்கு வந்ததும் மனைவி தறிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, "எனக்கு விளங்குற மாதிரிச் சொல்லுங்க மச்சான்," என்றாள்.

"இந்தா புள்ள, மீன்லயும் பால்லயும் வெள்ள நூல் கட்டுக் கட்டா வருது எண்டு வெச்சுக்க. அதுக்குச் சாயம் போடுற ஆள் ஈரலுக்குள்ள இரிக்கோணும். எங்கட புள்ளைக்கு அந்த ஆள் இல்ல. சாயம் போடாத நூல் குவிஞ்சு குவிஞ்சு கூடம் முழுக்க அடைச்சிட்டு. தறி ஓட இடமில்ல."

தறியில் கிடந்த வெள்ளை நூலைத் தொட்டாள். "அதாலதான் வெளுத்தாளா?"

"ஓம்."

"அப்ப நான் திண்ட சுறா?"

நான் பொய் சொல்லியிருக்கலாம். அன்றைக்குப் பொய் சொல்லியிருந்தால் அது நல்ல பொய்யாக இருந்திருக்கும். "அதுவும்தான்," என்றேன். அவள் எழுந்து தறியில் உட்கார்ந்தாள், ஆனால் மிதிக்கவில்லை.

பள்ளியிலிருந்து ஒரு அளவுச்சாடியும், சின்னத் தராசும், பெரிக்குக் குளோரைட்டில் கொஞ்சம் ஒரு போத்தலில் ஊற்றியும் கொண்டுவந்தேன். குசினி ஆய்வுகூடமாகிவிட்டது. தறியில் மிஞ்சும் வெள்ளைத் துணித் துண்டுகளை மனைவி ஒரு கூடையில் போட்டு வைப்பாள். ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் காலையில் பிள்ளையின் மூத்திரத்தில் ஒன்றை நனைத்து நான் துளி விடுவேன். நிறத்தைப் பார்த்துச் சொல்வது அவள்தான். முதல் வாரம் "பாசி" என்றாள். மூன்றாம் வாரம் "வாழை இலை" என்றாள். இரண்டு மாதத்தில் "வாழைக் குருத்து". எனக்கு எல்லாம் பச்சையாகத்தான் தெரிந்தது. அவள் சொன்னதைக் கொப்பியில் எழுதிக்கொண்டேன்.

பிள்ளை மாறினாள். ஆட்டம் குறைந்தது. வலிப்பு மாதத்துக்கு ஒன்றானது. எலி வாடை போய்விட்டது. ஒருநாள் தலைக்கு எண்ணெய் வைத்துக்கொண்டிருந்த மனைவி, "மச்சான், ஓடி வாங்க!" என்று கத்தினாள். ஓடினேன். தும்பு நிற முடியின் அடியில், தோலோடு ஒட்டி, கறுப்பு முளைத்திருந்தது. அரை அங்குலம்கூட இருக்காது. இரண்டு பேரும் அந்த மயிரடியைப் பார்த்துப் பார்த்து அழுதோம். ஊரில் எந்த உம்மாவும் வாப்பாவும் பிள்ளை கறுக்கிறதென்று இப்படிச் சந்தோசப்பட்டிருக்க மாட்டார்கள்.

நாலாம் மாதம் அவள் உம்மாவைப் பார்த்தாள். கண்ணுக்குள் கண் வைத்துப் பார்த்து, "ம்மா" என்றாள். அது தற்செயலான சத்தமல்ல. மனைவி அறைக்கு அந்தப் பக்கம் போனாலும் தலையைத் திருப்பிக்கொண்டு மறுபடியும் சொன்னாள்.

என் புத்தி கெட்டது அன்றைக்குத்தான். எனக்கு "வாப்பா" என்ற சொல் வேண்டும். நாலு அவுன்ஸ் பால் குடித்துக்கொண்டே "ம்மா" வருகிறதென்றால், அந்தப் பாலையும் நிறுத்தினால் என்ன வரும்? குருத்துப் பச்சை இன்னும் துணியில் இருக்கிறதே, அதையும் துடைத்து எறிந்தால் என்ன? பரீட்சையில் தொண்ணூறு எடுத்த பையனைப் பார்த்து மீதிப் பத்து எங்கே போனது என்று கேட்கிற வாத்தி நான். அலுமாரியிலிருந்து வைத்தியரின் தாளை எடுத்து, கொப்பி திருத்துகிற சிவப்புப் பென்சிலால் கடைசி வரியை வெட்டினேன்.

மறுநாள் காலை பால்காரரிடம் இனி வேண்டாம் என்றேன். அவர் சைக்கிளிலிருந்து இறங்கினார். "புள்ளைக்குமா மாஸ்டர்?" என்று கேட்டார். "புள்ளைக்கும்தான்" என்றேன். அவர் மூடியை அழுத்தி மூடிக்கொண்டு போனார்.

மனைவி அளவுச்சாடியைக் கையில் வைத்துக்கொண்டு வாசலில் நின்றாள். "டாக்குத்தர் எழுதின பாலல்லவா மச்சான்?"

"கொழும்பிலருந்து காயிதம் வந்திரிக்கு. பாலையும் நிப்பாட்டச் சொல்லியிரிக்கார்," என்றேன். ஒரு காயிதமும் வரவில்லை.

"நூலே வராட்டித் தறி எப்பிடி ஓடும்?"

ஐந்தாம் வகுப்புப் படித்தவள் கேட்ட கேள்வி. வைத்தியர் சொன்னதும் அதுதான்; புத்தகத்தில் நான் கீழே கோடு போட்டு வைத்திருந்ததும் அதுதான். "நீ தறியப் பாரு, நான் இதப் பாக்கிறன்," என்றேன்.

இரண்டாம் வெள்ளிக்கிழமை துணியில் நிறமே இல்லை. துளி விழுந்த இடம் வெறும் மஞ்சள். எனக்கு வந்த களிப்பைச் சொன்னால் நீங்கள் காறித் துப்புவீர்கள். கொப்பியில் அந்த நாளுக்கு நேரே, மாணவர்களுக்குப் போடுவது போலச் சரி அடையாளம் போட்டேன்.

நாலாம் வெள்ளிக்கிழமை பச்சை திரும்பி வந்தது, மெல்லிசாக. மனைவி துணியைப் பார்த்துவிட்டு நிறம் சொல்லவில்லை. அவள் சொல்லாததிலிருந்தே பிடித்துக்கொண்டேன்.

"என்னத்தக் குடுத்தாய்?"

"கீரி மீன்ல ஒரு கிள்ளு," என்றாள். "நான் திங்கக்குள்ள என்ட கையப் பாத்துக்கிட்டே இரிந்தா. மறுகா வாயத் திறந்தா மச்சான். இவ்வளவு காலத்துக்கு அவ தானா வாயத் திறந்ததே இல்ல. நானா ஊட்டுவன், பாதி வெளியில போகும். இப்ப தானாத் திறந்தா. எனக்கு மனசு கேக்கல்ல."

நான் கத்தினேன். மூளையைத் தின்னக் கொடுக்கிறாய் என்றேன். அதைவிடக் கெட்டதும் சொன்னேன். அதை எழுத எனக்கு இன்றைக்கும் கை வரவில்லை. குர்ஆனைக் கொண்டுவந்து வைத்துச் சத்தியம் கேட்டேன். கைகால் கழுவி உளூ செய்துகொண்டு வந்து, கை வைத்துச் சத்தியம் பண்ணினாள். அதற்குப் பிறகு பிள்ளை முன்னால் அவள் மீன் தின்னவே இல்லை.

ஆனால் அடுத்த வெள்ளிக்கிழமை துணி இன்னும் பச்சை. அதற்கடுத்த வெள்ளிக்கிழமை வாழை இலை.

"அல்லாஹ் அறிய நான் ஒண்டும் குடுக்கல்ல மச்சான்."

"அப்ப இந்தப் பச்சை வானத்திலருந்தா வந்தது? துணி பொய் சொல்லாது."

"நானும் பொய் சொல்லல்ல."

இரசாயனத்தை நம்பினேன், மனைவியை நம்பவில்லை. அந்த வாரத்திலிருந்து அவளோடு கதைப்பதை விட்டேன். பள்ளிக்குப் போகும்போது சாப்பாட்டு அலுமாரியைப் பூட்டிச் சாவியைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு போனேன். ஒரு பிள்ளையை உம்மாவிடமிருந்து காப்பாற்றுவதற்குப் பூட்டு.

பிள்ளையின் பாதம் கொழுத்தது. கன்னம் உப்பியது. பிள்ளை சதை வைப்பதாக எனக்குப் பட்டது. அதையும் கொப்பியில் எழுதினேன். தொடையில் தோல் உரிந்தது. தலையைத் திருப்புவது நின்றது. "ம்மா" நின்றது. அதற்கும் மனைவியின் களவு மீனைத்தான் காரணமாக வைத்தேன். மாரி மழை தொடங்கியபோது பிள்ளைக்குச் சளியும் தடிமனும் பிடித்தது. இரண்டு நாளில் நெஞ்சுக்கு இறங்கியது. ஆசுபத்திரியில் ஊசி போட்டார்கள். அடுத்த நாள் நடுப்பகல், லுஹர் பாங்கு சொல்கிற நேரம், உம்மாவின் மடியில் மௌத்தானாள். ஐந்து வயது ஆகவில்லை.

அன்றைக்கே அடக்கினோம். உடலைச் சுற்றிய கபன் துணி எங்கள் தறியில் நெய்ததுதான். நான் இரண்டு கையிலும் ஏந்திக் கொண்டுபோனேன். பாரமே இல்லை. உப்பியிருந்த பிள்ளைக்குப் பாரம் இல்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

மூன்றாம் நாள் கத்தம் ஓதி முடிந்து ஆட்கள் போனபின் மனைவி என் முன்னால் வந்து உட்கார்ந்தாள். சாவு வீட்டிலும் அவள் அழவில்லை. பொம்பிளைகள் அதைப் பற்றிக் குசுகுசுத்துக்கொண்டுதான் போனார்கள்.

"மச்சான், அந்தக் கீரி மீன்தானா?"

நான் பதில் சொல்லவில்லை. இல்லை என்று சொல்ல அப்போது எனக்குத் தெரியாது. ஆம் என்று சொல்லவும் வாய் வரவில்லை. பதில் சொல்லாததை அவள் பதிலாக எடுத்துக்கொண்டாள். "ம்," என்று எழுந்து போய்விட்டாள்.

மௌத்தைச் சொல்லி வைத்தியருக்கு எழுதினேன். எல்லாவற்றையும் ஒழுங்காக எழுதினேன்: பாலை நிறுத்திய திகதி, நிறம் போன திகதி, நிறம் திரும்பிய திகதிகள், மனைவி கொடுத்த மீன், பாதம் கொழுத்தது. ஒரு மாதத்தில் பதில் வந்தது. இந்த முறை உண்மையிலேயே வந்த கடிதம். அவர் ஏசவில்லை, ஏசியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். வெளியிலிருந்து ஒன்றும் வராதபோது உடம்பு தன் சதையையே உடைத்துத் தின்னத் தொடங்கும், அந்தச் சதையிலும் பீனைலலனின் இருக்கிறது, கடைசியில் துணியில் நீங்கள் கண்ட பச்சை பிள்ளையின் சொந்தச் சதை கரைந்த பச்சை என்று எழுதியிருந்தார். கால் வீங்கியது கொழுப்பல்ல, பட்டினி. உங்கள் மனைவி கொடுத்ததாகச் சொல்லும் மீன், இன்னும் கொஞ்சம் கிடைத்திருந்தால் உதவியிருக்கும்.

அந்தக் கடிதத்தை நான் மனைவிக்குக் காட்டவில்லை. ஆங்கிலத்தில் இருக்கிறதே என்று எனக்கு நானே சாட்டுச் சொன்னேன். இரசாயனப் புத்தகத்துக்குள் வைத்து மூடினேன். அவள் தன் மகளைத் தானே கொன்றதாக நினைத்துக்கொண்டு எனக்குச் சோறு போட்டாள், சட்டை தோய்த்தாள், தறி நெய்தாள். மீன் ஆக்குவாள், அவள் தின்ன மாட்டாள். இரண்டு வருசம் அதைப் பார்த்துக்கொண்டு அதே வீட்டில் இருந்தேன். கோழைத்தனம் என்று ஒரு சொல் இருக்கிறது. அதற்கு மேலே வேறு சொல் இருந்தால் அது எனக்குரியது.

பிறகு இன்னொரு பிள்ளை பிறந்தது, மகன். நாற்பதாம் நாள் விசேசத்துக்குப் பொம்பிளைகள் வருவதற்கு முன், காலையில், மனைவி தானே கூடையிலிருந்து வெள்ளைத் துண்டு ஒன்றை எடுத்து, நனைத்து, என் முன்னால் விரித்தாள். துளி விட்டேன். மஞ்சள். நாங்கள் பார்த்துக்கொண்டே இருந்தோம். மஞ்சளாகவே காய்ந்தது.

"பச்ச இல்ல," என்றாள். "ஒரு இழைகூட இல்ல."

பிள்ளையைத் தொட்டிலில் போட்டுவிட்டு உள்ளே போனாள். திரும்பி வரும்போது கையில் வைத்தியரின் பழைய சாப்பாட்டுத் தாள் இருந்தது. மூத்தவளுக்கு ஓதிக் கட்டிய தாவீசோடும் அவள் சட்டையோடும் அதை இவ்வளவு காலமும் தன் பெட்டிக்குள் வைத்திருந்திருக்கிறாள். எனக்கு அது தெரியாது.

"ஒண்டு கேக்கணும்," என்றாள். "இந்தப் புள்ள நல்லா இரிக்கெண்டு தெரிஞ்சாப் பொறகு கேப்பமெண்டு இரிந்தன். டாக்குத்தர் எழுதினது நீல மை. இந்தக் கடசி வரியில சிவப்புக் கோடு கிடக்கு. சிவப்புப் பென்சில் இந்த ஊட்ட உங்கள்ட்டத்தான் இரிக்கு. நீங்க சிவப்பால வெட்டினா அது பிழை எண்டுதானே? டாக்குத்தர் என்னத்தப் பிழையா எழுதினாரு?"

நிறம் பார்க்கத் தெரிந்தவளிடம் நான் இரண்டு வருசமாக நிறத்தை மறைத்துக்கொண்டிருந்தேன்.

"டாக்குத்தர் பிழையா எழுதல்ல," என்றேன்.

பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். கொழும்புக் காயிதம் வரவே இல்லை என்று சொன்னேன். புத்தகத்துக்குள் வைத்திருந்த கடிதத்தை எடுத்து வரி வரியாகத் தமிழில் படித்துக் காட்டினேன். கடைசியில் வந்த பச்சை எங்கிருந்து வந்தது என்பதையும் சொன்னேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. காய்ந்துகொண்டிருந்த துணியைப் பார்த்தபடி இருந்தாள்.

"நான் குடுக்கல்லண்டு சத்தியம் பண்ணினனே," என்றாள் மெதுவாக.

"ஓம். நீ பொய் சொல்லல்ல."

"அதுக்கு முந்தி ஒருக்காக் குடுத்தன். அவ வாயத் திறந்தது பசியில மச்சான். கேட்டா, நான் குடுத்தன்." தாளை மடித்துக்கொண்டே, "அது சரிதானெண்டு ஒருக்கா வாயால சொல்லுங்க," என்றாள்.

"சரி," என்றேன். "நீ செஞ்சது சரி."

மூத்தவள் மௌத்தான நாளிலிருந்து அழாமல் இருந்தவள் அப்போதுதான் அழுதாள். தொட்டிலில் கிடந்த பிள்ளையும் சேர்ந்து அழத் தொடங்கியது. அவளுக்குப் பக்கத்தில் போய் உட்கார வேண்டும் போல் இருந்தது. எந்த முகத்தோடு போவது? வெளியே பொம்பிளைகள் செருப்பைக் கழற்றுகிற சத்தம் கேட்கும் வரை, நின்ற இடத்திலேயே நின்றேன்.